புதுருவகலவில் நிற்கும் பெண்

கொழும்பில் புறப்பட்டு இரத்தினபுரி, பலாங்கொடை, கொஸ்லந்த, வெல்லவாய, மொனராகலை, பொத்துவில், அக்கரைப்பற்று என்று வந்து மட்டக்களப்பில் முடிகிறது ஏ4 பெருந்தெரு. கிழக்கில் இருக்கும் தோழிகள் பலருக்கு இந்த வீதியின் கடைசிப் பகுதி நன்றாகத் தெரிந்திருக்கும். யுத்த காலத்தில் அதை மைல் கணக்கில் அல்ல, சோதனைச் சாவடிக் கணக்கில்தான் நாம் அளந்தோம். நான் வேலை செய்வது அதே வீதியின் நடுப்பகுதியில். கொஸ்லந்த என்ற சிறு பட்டணமும் அதைச் சுற்றியுள்ள தோட்டங்களும்தான் என் களம்.

“கொஸ்” என்றால் சிங்களத்தில் பலா. பெயருக்கு ஏற்றபடி இன்றும் பலாமரங்கள் இருக்கின்றன. கொஸ்லந்த ஒரு படிக்கட்டு போன்ற இடம். மேலே அப்புத்தளை, பண்டாரவளைப் பக்கம் பனியும் குளிரும். கீழே வெல்லவாயவில் வரண்ட வலயத்து வெயில். தேயிலைக்காரரின் ஊர் முடிந்து சேனைப் பயிர்க்காரரின் ஊர் தொடங்கும் இடம் இது. இருபது கிலோமீற்றர் இறங்குவதற்குள் காது அடைத்துக்கொள்ளும், போர்த்தியிருந்த ஸ்வெட்டரைக் கழற்ற வேண்டியிருக்கும். இந்தச் சரிவின் அடிவாரத்தில், வெல்லவாயவிலிருந்து தெற்கே தனமல்வில வீதியில் போய்க் காட்டுப் பக்கம் திரும்பினால், புதுருவகல என்ற பெரும் பாறை இருக்கிறது. அதில் செதுக்கிய ஏழு உருவங்கள் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக நிற்கின்றன. அவற்றை யார் செதுக்கினார்கள், யார் செதுக்கச் சொன்னார்கள் என்று எவராலும் உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

எங்கள் சேமிப்புக் குழுவிலுள்ள பெண்கள் வருடம் ஒருமுறை எங்காவது போய்வருவார்கள். வழமையாகக் கதிர்காமம், இல்லாவிட்டால் செல்லக்கதிர்காமம். இந்தமுறை வழியில் புதுருவகலவையும் பார்க்கலாம் என்று நான் சொன்னபோது மூத்த அம்மா ஒருவர் உடனே கேட்டார்: “கல்லப் பார்க்கவா மிஸ் காசு குடுத்துப் போகணும்? கல்லுதான் நம்மளப் பார்க்க வந்துச்சே.”

அவர் சொன்னது மீரியபெத்தவை. 2014 அக்டோபர் 29ஆம் திகதி காலையில் மலை சரிந்து மீரியபெத்த தோட்டத்தின் லயங்களை மூடியது. அந்த இடம் ஆபத்தானது என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 2005இலும் 2011இலும் எச்சரித்திருந்தது. எச்சரிக்கை கடுதாசியில் இருந்தது, சனங்கள் லயத்தில் இருந்தார்கள். பாடசாலைக்குப் போயிருந்த பிள்ளைகள் தப்பினார்கள். திரும்பி வந்தபோது சிலருக்கு வீடும் இருக்கவில்லை, பெற்றவர்களும் இருக்கவில்லை. எல்லா உடல்களையும் எடுக்கவும் முடியவில்லை. ஆகவே கல் என்றால் எங்கள் குழுவில் பலருக்கு அழகு பார்க்கும் பொருள் அல்ல. மழை இரவில் உருளும் சத்தம் கேட்கிறதா என்று காது கொடுக்க வைக்கிற பொருள்.

குழுவில் இன்னும் மூன்று பேர் உண்டு. அவர்களை இந்த இதழின் வாசகர்கள் தங்களில் ஒருவராகவே காண்பார்கள். அவர்களுடைய குடும்பங்கள் 1977 வன்செயலுக்குப் பிறகும் 1983க்குப் பிறகும் மலையகத்தை விட்டு வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போனவை. தோட்டத்தில் அடிவாங்கி, வன்னியில் காடு வெட்டிக் குடியேறி, 2009இல் அங்கும் எல்லாவற்றையும் இழந்து, முகாமில் இருந்து, பிறகு பெரியம்மா வீடு, மாமா வீடு என்று கொஸ்லந்தப் பக்கம் வந்து சேர்ந்தவர்கள். எந்த ஊர் என்று யாராவது கேட்டால் அவர்கள் கொஞ்சம் யோசித்துத்தான் பதில் சொல்வார்கள்.

இரண்டு வான் பிடித்து, ரொட்டியும் கட்டச் சம்பலும் கட்டிக்கொண்டு விடியற்காலையில் இறங்கினோம். தியலும நீர்வீழ்ச்சி வீதியோரத்திலேயே விழுகிறது. 220 மீற்றர் உயரம், எங்கள் தினசரி வழியில் உள்ள அதிசயம் என்பதால் அதைப் பார்க்க யாரும் இறங்கவில்லை. வெல்லவாயவில் தேத்தண்ணி குடித்துவிட்டுத் தெற்கே திரும்பினோம். குளம் ஒன்றைக் கடந்ததும் வெளிச்சமே வேறு மாதிரி. நிலம் வரண்டு, முட்செடிகள் தூசி படிந்து, மரங்கள் குட்டையாகி, தூரத்தில் நாங்கள் இறங்கிவந்த மலை நீலச் சுவராக நின்றது. “நம்ம மலையா அது?” என்று ஒரு பெண் கேட்டாள். வாழ்நாள் முழுக்க அந்த மலைக்குள் கொழுந்து பறித்தவள், அதை வெளியிலிருந்து முழுதாகப் பார்த்தது அன்றுதான்.

பாறைக்குப் போகும் பாதையில் தாமரை விற்கும் சிங்கள அம்மா ஒருவர் இருந்தார். எங்களில் சிங்களம் நன்றாகப் பேசுபவள் பேச்சுக் கொடுத்தாள். அவருடைய மகனை 1989இல் கூட்டிக்கொண்டு போனார்களாம், திரும்பி வரவில்லையாம். வெல்லவாய அந்தக் கதைக்குப் புதிய ஊர் அல்ல. 1971 கிளர்ச்சியில் முதலில் தாக்கப்பட்ட பொலிஸ் நிலையம் வெல்லவாய பொலிஸ் நிலையம்தான். வன்னியிலிருந்து வந்தவர்களில் ஒருத்தி அந்த அம்மாவிடம் எவ்வளவு காலம் தேடினீர்கள் என்று கேட்கச் சொன்னாள். “இன்னமும்” என்று பதில் வந்தது. எங்கள் எல்லோரிடமும் தாமரை இருந்தது, ஆனால் அவர் யாரிடமும் காசு வாங்க மறுத்தார். கடைசியில் சம்பலில் பாதியை அவருக்குக் கொடுத்தோம்.

பிறகு பாறை. செருப்பைக் கழற்றிவிட்டு, தோளைப் போர்த்திக்கொண்டு போக வேண்டும். அது இன்றும் வழிபடும் இடம். சிலைகளுக்கு முதுகு காட்டி நின்று படம் எடுக்கக்கூடாது. மரங்களுக்கு நடுவே திடீரென்று வெட்டவெளி, அதன் முடிவில் யானைக் கூட்டம் படுத்திருப்பதுபோல ஒரே பாறை. நடுவில் நிற்கும் புத்தர் ஏறக்குறைய 51 அடி உயரம். இரண்டு பக்கமும் மும்மூன்று உருவங்கள். “புதுருவகல” என்ற பெயரைப் பிரித்தால் புத்தர், உருவம், கல் என்று வரும். “ருவ” என்பது நம்முடைய “உருவம்”தான் என்று சொன்னதும் பெண்களுக்கு ஒரு சந்தோஷம். ஊர்ப் பெயர்ப்பலகையில் தங்களுக்குப் புரிகிற சொல் ஒன்று இருக்கிறதே என்ற சந்தோஷம்.

இந்தச் சிலைகள் 9ஆம், 10ஆம் நூற்றாண்டுகளைச் சேர்ந்தவை என்று ஆய்வாளர்கள் கணிக்கிறார்கள். இலங்கையில் இன்று உள்ளது தேரவாத பௌத்தம். ஆனால் இந்தப் பாறையில் இருப்பவர்கள் மகாயான பௌத்தத்தின் தெய்வ வடிவங்கள். பிறருக்காகத் தன் விடுதலையைத் தள்ளிப்போட்டவர்கள் என்று போற்றப்படும் போதிசத்துவர்கள். ஒரு பக்கத்துக் கூட்டத்தின் நடுவில் அவலோகிதேஸ்வரர். அவர்மேல் வெள்ளைச் சாந்து இன்றும் ஒட்டியிருக்கிறது. புத்தரின் ஆடையில் மங்கிய செம்மஞ்சள் நிறம் தெரிகிறது. ஆகவே ஒரு காலத்தில் இவை கறுத்த கல்லாக நிற்கவில்லை. சாந்து பூசி, வர்ணம் தீட்டி, காட்டுக்குள் தூரத்திலிருந்தே தெரியும்படி ஒளிவிட்டிருக்கும். மற்றப் பக்கத்துக் கூட்டத்தின் நடுவில் நிற்பவரை இனி வரப்போகும் புத்தரான மைத்திரேயர் என்கிறார்கள். அவர் பக்கத்தில் வச்சிராயுதம் ஏந்திய வச்சிரபாணி. இன்னொருவரை விஷ்ணு என்று சிலரும் பிரமன் என்று சிலரும் சொல்கிறார்கள். புத்தரின் காலடியில் விளக்குச் சுடர் வடிவத்தில் ஒரு குழி வெட்டப்பட்டிருக்கிறது. அதில் கடுகெண்ணெய் வாசம் வருவதாக ஊரார் நம்புகிறார்கள். நாங்களும் வரிசையாகக் குனிந்து முகர்ந்தோம். வருகிறது என்றவர்களும் வரவில்லை என்றவர்களும் மதியம் வரை சண்டைபோட்டார்கள்.

இவ்வளவு பெரிய வேலையைச் செய்தவர்களின் பெயர் அங்கே இல்லை. கட்டளையிட்ட அரசனின் பெயரும் இல்லை. அதனால்தான் மர்மம் என்கிறார்கள். எனக்கு அதில் மர்மத்தைவிட வேறொன்றுதான் பட்டது. அந்த உயரத்துக்குச் சாரம் கட்ட மரம் வெட்டியவர்கள், உளிக்குச் சாணை பிடித்தவர்கள், சாந்து குழைத்தவர்கள், அத்தனை பேருக்கும் சோறு ஆக்கியவர்கள் எவ்வளவு பேர் இருந்திருப்பார்கள்! பண்டாரவளையிலிருந்து பதுளைக்குப் போகும் வழியில் தோவ விகாரையைப் பார்த்தவர்களுக்கு இந்த வேலையின் கடினம் தெரியும். அங்கே 38 அடிப் புத்தர் சிலை பாறையில் முடிக்கப்படாமலே நிற்கிறது. ஏதோ ஒரு நாள் வேலை நின்றிருக்கிறது, அவ்வளவுதான். எங்கள் தோட்டங்களில் ரயில் பாதைக்கும் வீதிக்கும் மலை உடைத்தவர்களின் பெயரும் எங்கும் எழுதப்படவில்லை. துரைமாரின் கல்லறைகளில் மட்டும் எழுத்து இருக்கிறது.

அவலோகிதேஸ்வரருக்குப் பக்கத்தில், உடலை மூன்று இடத்தில் வளைத்து, ஒரு பெண் நிற்கிறாள். ஏழு பேரில் ஒரே பெண். “இந்தம்மா யாரு மிஸ்?” என்று எல்லோரும் கேட்டது அவளைத்தான். தாரா என்றே ஆய்வாளர்கள் பெரும்பாலும் கொள்கிறார்கள். தாரா கடக்கச் செய்பவள். வழிப்போக்கரையும் கடலோடிகளையும் எட்டுப் பயங்களிலிருந்து காப்பவள் என்பது பழைய நம்பிக்கை. சிங்கம், யானை, நெருப்பு, பாம்பு, கள்வர், சிறை, வெள்ளம், பேய். நான் ஒவ்வொன்றாகச் சொல்ல, அவர்கள் விரல் மடக்கினார்கள். நெருப்பு சரி, சிறை சரி, வெள்ளம் சரி. வன்னிப் பெண் ஒருத்தி கடைசியில் சொன்னாள்: “யானையும் பாம்பும் எங்களுக்கும் இருந்திச்சு. ஆனா மேலயிருந்து விழுறதுக்கு இந்தக் கணக்கில ஒண்டுமில்லையே.” மீரியபெத்தக்காரர் தலையாட்டினார். ஒருத்திக்கு வானத்திலிருந்து, மற்றவருக்கு மலையிலிருந்து. அவர்கள் இருவரும் அதற்குமுன் அதிகம் பேசிக்கொண்டதில்லை. அன்று மிச்ச நேரம் முழுக்க ஒன்றாகவே நடந்தார்கள்.

தாராவின் இன்னொரு சிலையைப் பற்றியும் அங்கேயே சொன்னேன், கிழக்குத் தோழிகளுக்காக இங்கும் எழுதுகிறேன். திருகோணமலைக்கும் மட்டக்களப்புக்கும் இடைப்பட்ட கரையோரத்தில் கண்டெடுக்கப்பட்ட தாரா சிலை ஒன்று இலண்டனில் பிரித்தானிய நூதனசாலையில் இருக்கிறது. பொன்முலாம் பூசிய வெண்கலம், 143 சென்ரிமீற்றர் உயரம். ஏறத்தாழ நம்மில் குள்ளமான ஒரு பெண்ணின் உயரம். 8ஆம் நூற்றாண்டளவில் வார்த்தது. அதை 1830இல் நூதனசாலைக்குக் கொடுத்தவர் றொபர்ட் பிரவுன்றிக். 1815இல் கண்டி இராச்சியத்தைக் கைப்பற்றிய அதே ஆளுநர். 1817–18இல் ஊவாவிலும் வெல்லஸ்ஸவிலும் எழுந்த கிளர்ச்சியை அடக்க வீடுகளையும் வயல்களையும் எரித்ததும் அவருடைய படைதான். வெல்லஸ்ஸ என்றால் இலட்சம் வயல் என்று பொருள் சொல்வார்கள். நாங்கள் அன்று கடந்துவந்த வரண்ட நிலமெல்லாம் அந்தப் பெயருக்குள் அடங்கியது. வயலை எரித்தவரே சிலையையும் கொண்டுபோனார். இடுப்புக்கு மேல் ஆடையில்லாத பெண் உருவம் என்பதால் இலண்டனில் நீண்ட காலம் அதைப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கவில்லை. கும்பிட வார்த்த உருவத்தை ஒளித்து வைக்க வேண்டியதாகப் பார்த்தது யார் கண்ணின் குறை என்று நான் கேட்டதும், பெண்கள் சிரித்தார்கள்.

நிழலில் உட்கார்ந்து சாப்பிடும்போதுதான் அதுவரை பேசாமல் இருந்த அக்கா ஒருவர் வாய் திறந்தார். சவூதியில் ஒன்பது வருடம் வீட்டுவேலை செய்தவர். அதில் ஒரு வீடு அல்உலாவில். “அங்கயும் இப்பிடித்தான் மிஸ். பாலைவனத்து நடுவுல மலை மலையா கல்லு. கல்லுல வாசல் வெட்டி வச்சிருக்கு, மாளிகை மாதிரி. வாகனத்துல போறப்ப ஒரு தரம் பார்த்தேன். நிறுத்தச் சொன்னேன், மேடம் நிறுத்தல. சாபம் பிடிச்ச எடமாம், பார்க்கவே கூடாதாம்.”

அவர் பார்த்தது ஹெக்ரா. மதாயின் சாலிஹ் என்றும் சொல்வார்கள். சாலிஹ் நபியின் சொல்லைக் கேளாமல் அழிந்த தமூது மக்களின் இடம் என்று இஸ்லாமியர் நம்புவதால், அந்த வழியாகப் போகிறவர்கள் நிற்காமல் போவது மரபு. ஆனால் அந்த வாசல்களை வெட்டியவர்கள் நபத்தேயர் என்ற அராபிய வணிகர்கள். சாம்பிராணியும் வாசனைப் பொருட்களும் ஒட்டகத்தில் ஏற்றிப் போனவர்கள். ஜோர்தானில் பெட்ரா நகரைக் குடைந்தவர்களும் அவர்கள்தான். ஹெக்ராவில் இருப்பவை வீடுகள் அல்ல, கல்லறைகள். நூற்றுக்கு மேற்பட்டவை. 2008இல் அது உலக மரபுரிமைத் தலமானது. சவூதியில் அந்தப் பட்டியலில் சேர்ந்த முதல் இடம் அது.

பாலைவனத்துக் கல்லுக்கும் நாங்கள் முன்னால் உட்கார்ந்திருந்த கல்லுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. அங்கே எழுத்து உண்டு. பல கல்லறைகளின் வாசலுக்கு மேல், இது யாருடையது, யாரை இதில் அடக்கலாம், எந்த அரசனின் எத்தனையாவது ஆண்டில் செய்தது என்று வெட்டியிருக்கிறார்கள். சொந்தக்காரரில் பெண்களும் இருக்கிறார்கள். கம்கம் என்ற ஒருத்தி தன் மகளோடு சேர்ந்து தங்களுக்கும் தங்கள் சந்ததிக்குமாக ஒரு கல்லறை அமைத்தாள். ஏறக்குறைய கிறிஸ்து பிறந்த காலம் அது. அதில் அவள் தன் தாயின் பெயரைச் சொல்லித்தான் தன்னை அடையாளம் காட்டுகிறாள். இதை விற்கிறவனுக்கும் வாங்குகிறவனுக்கும் ஈடு வைக்கிறவனுக்கும் தெய்வங்களின் சாபம் என்றும், தண்டப்பணம் கட்ட வேண்டும் என்றும் எழுதி வைத்திருக்கிறாள். வஹ்புவின் மகள் ஹினாத் என்ற இன்னொருத்தி கி.பி. 60ஆம் ஆண்டளவில் தனக்கும் தன் பிள்ளைகளுக்குமென்று ஒன்றைச் செய்வித்தாள். அந்தக் கல்லறையைத் தோண்டியபோது கிடைத்த ஒரு பெண்ணின் மண்டையோட்டை வைத்து முகம் ஒன்றை உருவாக்கி, ஹினாத் என்ற பெயரையே அதற்கிட்டு, 2023இல் அங்கே பார்வைக்கு வைத்தார்கள். எலும்பு அவளுடையதேதானா என்பது வேறு விஷயம். பெயர் அவளுடையது.

அக்கா நீண்ட நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, “அப்ப அது உறுதிதானே மிஸ்? காணி உறுதி?” என்றார்.

உறுதிதான். சமூகவியல் படித்த எனக்குத் தோன்றாத சொல் அவருக்குத் தோன்றியது. அவர் ஒன்பது வருடம் அனுப்பிய காசில் கணவரின் தம்பி பெயரில் வாங்கிய காணியில் ஒரு வீடு எழும்பியிருக்கிறது. திரும்பி வந்தபோது அவருக்கு அதில் ஓர் அறை கொடுத்தார்கள். குழுவில் அநேகமானோர் இருப்பது தோட்டத்து லயத்தில். நான்கு தலைமுறையாக இருந்தும் சுவரில் ஓர் ஆணி அடிக்கக்கூட உரிமைப் பத்திரம் இல்லாதவர்கள். 7 பேர்ச் என்றும் 10 பேர்ச் என்றும் திட்டங்கள் வந்துபோகின்றன. புதுவீடு கிடைத்த இடங்களிலும் படிவத்தில் “குடும்பத் தலைவர்” என்ற கட்டத்தில் ஆணின் பெயரைத்தான் முதலில் எழுதுகிறார்கள். கேட்டால், அது வழமை என்பார்கள். வன்னியில் நிலைமை வேறு விதத்தில் சிக்கல். அங்கே அரச காணியின் அனுமதிப்பத்திரம் பலருக்கு உண்டு. ஆனால் 1935ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டம் வாரிசு வரிசையில் ஆண்பிள்ளைக்கே முதலிடம் கொடுத்தது. 2022இல்தான் அது திருத்தப்பட்டது. பத்திரம் காணாமற்போன கணவரின் பெயரில் இருந்தால், மரணச் சான்றிதழ் எடுக்கச் சொல்லி அலையவிடுவார்கள். அவர் இறந்துவிட்டார் என்று ஒப்புக்கொள்ளாமலே, காணாமற்போனவர் என்று பதிந்து சான்றிதழ் பெற 2016ஆம் ஆண்டிலிருந்து சட்டத்தில் இடமிருக்கிறது. இதைக் கந்தோரில் உங்களுக்குச் சொல்லாமலும் விடுவார்கள். நீங்கள் கேளுங்கள்.

இந்தப் பேச்செல்லாம் தாராவின் காலடியில் நடந்தது. வெயில் ஏறி, பாறை சூடாகி, முன்னால் நிற்க முடியாமல் போயிற்று. கடைசியாக ஒருமுறை எல்லோரும் எழுந்து போய்த் தாமரைகளை வைத்தார்கள். பெரும்பாலானவை புத்தருக்கு. நான்கைந்து பூக்கள் அந்தப் பெண்ணின் பக்கம் போயின.

போக விரும்புகிறவர்களுக்கு: மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கமிருந்து வருகிறவர்கள் மொனராகலை வழியாக வெல்லவாயவுக்கு பஸ்ஸில் வரலாம். அங்கிருந்து தனமல்வில வீதியில் போய், சந்தியில் இறங்கி முச்சக்கரவண்டி பிடிக்க வேண்டும். உள்ளே 4 கிலோமீற்றர் அளவு தூரம். காலையிலேயே போய்விடுங்கள், தண்ணீர் கொண்டுபோங்கள். நேரம் இருந்தால் புத்தளப் பக்கம் மாளிகாவிலவுக்கும் போகலாம். அங்கே 7ஆம் நூற்றாண்டுப் புத்தர் சிலை ஒன்று விழுந்து காட்டுக்குள் கிடந்தது. அதை 1991இல் தூக்கி நிறுத்தினார்கள். எங்களுக்கு அன்று கதிர்காமம் பாக்கி இருந்ததால் முடியவில்லை.

வான் புறப்படும்போது சவூதி அக்கா என் பக்கத்து இருக்கைக்கு வந்தார். ஹினாத் என்ற பெயரைத் தன் சேமிப்புப் புத்தகத்தின் பின்னட்டையில் எழுதித் தரச் சொன்னார், எழுதிக் கொடுத்தேன். அதைப் பார்த்துக்கொண்டே, பிரதேச செயலகத்தில் அடுத்த பொதுமக்கள் தினம் எப்போது என்றும், கணவரின் தம்பி வராமல் தான் மட்டும் போனால் காணிக் கந்தோர் ஐயா பேசுவாரா என்றும் கேட்டார். நானும் வருகிறேன் என்றேன். பழைய காசோலைத் துண்டுகளும் வங்கிப் புத்தகமும் இருக்கின்றனவா என்று கேட்டேன். ஒன்பது வருடத்துடையதும் ஒரு பிஸ்கட் டின்னில் பத்திரமாக இருக்கிறது என்றார்.